பியானோவில் அமர்ந்தபடியே குழுவை நடத்துவது: மொசார்ட் கன்செர்ட்டோவுக்குத் தனியாக ஒரு கண்டக்டர் வேண்டுமா?

தக்கலை கீபோர்டு எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். தக்கலையில் பிள்ளைகளுக்குப் பியானோவும் கீபோர்டும் சொல்லிக்கொடுத்து வருகிறேன். ஞாயிறுதோறும் எங்கள் சபையின் பாடகர் குழுவுக்கும் வாசிக்கிறேன். நாகர்கோவில், மார்த்தாண்டம், குளச்சல் ஆகிய ஊர்களிலிருந்து வயலின், வியோலா, செல்லோ வாசிக்கும் பத்துப் பன்னிரண்டு பேர் சில மாதங்களாக ஒன்றுகூடிப் பயிற்சி செய்து வருகிறோம். கிறிஸ்மஸ் பாட்டு ஆராதனைக்கு வாசிப்பதோடு நின்றுவிடாமல், மொசார்ட்டின் பியானோ கன்செர்ட்டோ (பியானோவும் முழுக்குழுவும் சேர்ந்து வாசிக்கும் படைப்பு) ஒன்றை மூன்று பகுதிகளோடும் முழுமையாக வாசித்துவிட வேண்டும் என்ற ஆசை எங்களுக்கு வந்திருக்கிறது. பியானோவை நான் வாசிப்பதாக முடிவாகிவிட்டது. குழுவை யார் நடத்துவது என்பதில்தான் பேச்சு நீண்டுகொண்டே போகிறது.

மிட்சுகோ உச்சிடா, டேனியல் பேரன்பாயம் போன்றவர்கள் பியானோவில் அமர்ந்தபடியே ஆர்கெஸ்ட்ராவை நடத்தும் காணொளிகளை நாங்கள் எல்லோரும் பார்த்திருக்கிறோம். பியானோவின் மேல்மூடியைக் கழற்றிவிட்டு, அரங்கத்துக்கு முதுகைக் காட்டி, குழுவின் நடுவில் உட்கார்ந்துகொண்டு, கை ஓய்வாக இருக்கும்போது கையாலும், கை வேலையாக இருக்கும்போது தலையாலும் கண்ணாலும் அவர்கள் வழிகாட்டுகிறார்கள். பார்ப்பதற்கு மூச்சுவிடுவதைப் போல இயல்பாகத் தெரிகிறது. எங்கள் குழுவில் மூத்தவர்கள், கொயர் மாஸ்டர் (பாடகர் குழுவை நடத்துபவர்) கோலை எடுத்துக்கொண்டு நிற்கட்டும், நீ வாசிப்பை மட்டும் பார்த்துக்கொள் என்கிறார்கள். இளையவர்களோ, மொசார்ட்டே தம் கன்செர்ட்டோக்களைப் பியானோவிலிருந்துதான் நடத்தினார், நாம் மட்டும் ஏன் வேறு ஆளைத் தேட வேண்டும் என்கிறார்கள்.

இரு கைகளும் கட்டைகளின் மேல் இருக்கும்போது குழு உண்மையில் எதைப் பார்த்து வாசிக்கிறது? இது மொசார்ட் காலத்து வழக்கம்தானா, அல்லது இக்காலக் கலைஞர்கள் கொண்டுவந்த மேடைக் கவர்ச்சியா? எங்களைப் போன்ற சிறு குழுவுக்கு எந்தக் கன்செர்ட்டோ பொருந்தும்? டி மைனர் கன்செர்ட்டோவின் (கே. 466; கே. என்பது மொசார்ட் படைப்புகளின் பட்டியல் எண்) மீது எனக்குத் தனிப் பிரியம் உண்டு என்பதையும் சொல்லிவிடுகிறேன். அனுபவமுள்ளவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

பார்வதிபுரம் வாசகி எழுதியது:

வரலாற்றுக் கேள்வியை முதலில் எடுத்துக்கொள்கிறேன். வாத்தியம் எதையும் வாசிக்காமல், கோலை மட்டும் பிடித்துக்கொண்டு குழுவின் முன்னால் நிற்கும் தனி ஆள் என்ற ஏற்பாடு பத்தொன்பதாம் நூற்றாண்டில்தான் கச்சேரி மேடைகளில் வேரூன்றியது. அதற்கு முன்பு வாத்தியக் கச்சேரிகளைப் பெரும்பாலும் முதல் வயலின்காரர் வில்லாலும், கீபோர்டில் இருப்பவர் கையாலும் தலையாலும் நடத்திவந்தார்கள். ஆகவே உங்கள் இளைஞர்கள் சொல்வது சரி. மொசார்ட் 1784 முதல் 1786 வரையிலான மூன்று ஆண்டுகளில் வியன்னாவில் பன்னிரண்டு பியானோ கன்செர்ட்டோக்களை எழுதினார். அவற்றுள் பெரும்பாலானவற்றைத் தாமே வாசித்து, தாமே நடத்தினார். 1784 மார்ச்சில் அவர் நடத்திய சந்தாக் கச்சேரிகளுக்கு 174 பேர் பணம் கட்டியிருந்தார்கள். அந்தப் பெயர்ப் பட்டியலைத் தந்தைக்கு எழுதி அனுப்பிப் பெருமைப்பட்டுக்கொண்டார். அந்த ஆண்டின் இரண்டு கன்செர்ட்டோக்களைப் பற்றி, வாசிப்பவரை வியர்க்க வைப்பவை என்று அவரே எழுதியிருக்கிறார்.

நீங்கள் விரும்பும் டி மைனர் கன்செர்ட்டோவின் முதல் மேடையேற்றத்தையும் இங்கே சொல்ல வேண்டும். அது 1785 பிப்ரவரி 11 அன்று வியன்னாவின் மேல்க்ரூபே மண்டபத்தில் நடந்தது. அன்றைக்குத்தான் ஊருக்கு வந்துசேர்ந்த தந்தை லியோபோல்ட், தாம் வந்தபோது படியெடுப்பவர் இன்னும் பார்ட்டுகளை (ஒவ்வொரு வாத்தியத்துக்கும் உரிய தாள்களை) எழுதிக்கொண்டிருந்தார் என்றும், படிகளைச் சரிபார்க்க வேண்டியிருந்ததால் கடைசிப் பகுதியை ஒருமுறை வாசித்துப் பார்க்கக்கூட மகனுக்கு நேரம் கிடைக்கவில்லை என்றும் மகளுக்கு எழுதினார். அப்படி இருந்தும் கச்சேரி சிறப்பாகவே அமைந்தது. அந்தக் குழு மொசார்ட்டின் பேச்சுமொழியையே அன்றாடம் பேசிவந்த குழு என்பதால் அது முடிந்தது. நாம் அதை முன்மாதிரியாகக் கொள்ளலாகாது.

எப்படி முடிகிறது என்ற கேள்விக்கான விடை, என் கருத்தில், கலைஞரின் சாமர்த்தியத்தில் இருப்பதைவிட இசையின் அமைப்பில்தான் அதிகம் இருக்கிறது. மொசார்ட்டின் கன்செர்ட்டோ ஒன்றைத் திறந்து பாருங்கள். முதல் பகுதியின் தொடக்கத்தில் முழுக்குழு நெடுநேரம் தனியாகப் பேசுகிறது. பியானோ அப்போது காத்திருக்கிறது. கடைசியில் மீண்டும் குழு. இடையில் பியானோ வேகமான ஓட்டங்களில் இருக்கும்போது வயலின்கள் பெரும்பாலும் நீண்ட சுரங்களைப் பிடித்துக்கொண்டோ, சீரான அரைத்தட்டுச் சுரங்களை வாசித்துக்கொண்டோ இருக்கின்றன. குழு கடினமாக வாசிக்கும் இடத்தில் பியானோகாரரின் கை ஓய்வாக இருக்கிறது. பியானோகாரர் கடினமாக வாசிக்கும் இடத்தில் குழுவுக்கு வழிகாட்டி தேவைப்படுவதில்லை. இன்னொன்றும் உண்டு. முழுக்குழு வாசிக்கும் இடங்களில், மொசார்ட்டின் கைப்பிரதிகளில் பியானோவின் இடது கை வரியில் பாஸுடன் சேர்ந்து வாசிக்கும்படி குறிப்பு காணப்படுகிறது. அதாவது, அவர் காத்திருக்கும் நேரத்தில் கையை வீசிக்கொண்டிருக்கவில்லை. செல்லோக்களோடும் டபுள் பாஸோடும் சேர்ந்து அடித்தளத்தை வாசித்துக்கொண்டே தாளத்தைக் குழுவின் காதில் போட்டுக்கொண்டிருந்தார்.

இவ்வழக்கம் நடுவில் மங்கிப்போய், 1930களில் எட்வின் ஃபிஷர் பெர்லினில் தம் சிறு குழுவைக் கொண்டு பாக்கையும் மொசார்ட்டையும் இப்படி நடத்தியபோது மீண்டும் கவனத்துக்கு வந்தது. 1960களில் கேஸா அண்டா சால்ஸ்பர்க் குழுவோடு மொசார்ட்டின் கன்செர்ட்டோக்கள் அனைத்தையும் வாசித்து நடத்திப் பதிவுசெய்தார். அதன்பின் பேரன்பாயமும் மரே பெராயாவும் ஆளுக்கொரு முறை இங்கிலீஷ் சேம்பர் ஆர்கெஸ்ட்ராவோடு அதையே செய்தார்கள். சில சமயம் சூழ்நிலையும் இதற்குக் காரணமாகிவிடுகிறது. கிறிஸ்டியன் ஸிமர்மன் வியன்னா ஃபில்ஹார்மோனிக்கோடு பேத்தோவனின் ஐந்து கன்செர்ட்டோக்களையும் லெனார்ட் பெர்ன்ஸ்டைன் நடத்தப் பதிவுசெய்துவந்தார். மூன்று முடிந்த நிலையில் 1990இல் பெர்ன்ஸ்டைன் இறந்துவிட, எஞ்சிய முதல் இரண்டையும் ஸிமர்மன் தாமே பியானோவிலிருந்து நடத்தி முடித்தார். எஞ்சியவை அந்த இரண்டும் என்பதால்தான் அது இயல்பாக அமைந்தது என்று நினைக்கிறேன். அவை மொசார்ட்டின் அச்சில் வார்த்தவை.

குழித்துறை ஸ்கோர் எழுதியது:

மேலே உள்ள விளக்கம் அருமை. ஆனால் அது உங்கள் மூத்தவர்களின் பக்கத்தையும் கொஞ்சம் கேட்டிருக்கலாம். பழைய வழக்கம் என்பதாலேயே ஒன்று நல்ல வழக்கம் ஆகிவிடாது. பேத்தோவனின் 1808 டிசம்பர் 22 கச்சேரியை நினைத்துப் பாருங்கள். நான்காம் கன்செர்ட்டோ, ஐந்தாம், ஆறாம் சிம்ஃபனிகள், கடைசியில் பியானோவும் பாடகர்களும் சேரும் கோரல் ஃபேண்டஸி என்று நான்கு மணி நேரத்துக்குக் குறையாமல், குளிர்ந்த அரங்கில் அது நடந்தது. பியானோவில் பேத்தோவனே இருந்தும், கோரல் ஃபேண்டஸி நடுவில் சிதறிப்போய், நிறுத்தி மறுபடி தொடங்க வேண்டியதாயிற்று. ஒத்திகை போதவில்லை. ஒருவரே எல்லாவற்றையும் சுமக்கும்போது, அவர் யாராக இருந்தாலும், பிடி தவறும் நேரத்தில் தாங்கிப் பிடிக்க இன்னொரு கை இருப்பதில்லை.

மேலும், நடத்தவும் தெரிந்து வாசிக்கவும் தெரிந்த மேதைகள் எல்லோரும் இரண்டையும் ஒரே நேரத்தில் செய்ய ஆசைப்பட்டார்கள் என்று எண்ணிவிடாதீர்கள். ராஹ்மனினோவ் அவர் காலத்தில் நல்ல கண்டக்டர் என்று பெயரெடுத்தவர். இருந்தும் தம் இரண்டாம் கன்செர்ட்டோவை 1901இல் வாசித்தபோது கோலைத் தம் உறவினர் ஸிலோட்டியிடம் கொடுத்தார். மூன்றாம் கன்செர்ட்டோவை 1909இல் நியூயார்க்கில் வாசித்தபோது வால்டர் டாம்ரோஷ் நடத்தினார், சில வாரங்கள் கழித்து அதே ஊரில் அதே கன்செர்ட்டோவுக்கு குஸ்தாவ் மாலர் நடத்தினார். காரணம் வெளிப்படையானது: அந்த இசையில் பியானோவுக்கு ஓய்வே இல்லை, டெம்போ (வேகம்) பத்துப் பார்களுக்கு (தாள அளவுகளுக்கு) ஒருமுறை நீண்டும் சுருங்கியும் போகிறது, கொம்புகளும் கிளாரினெட்டுகளும் நுழையும் இடங்களில் இரு கைகளும் கட்டைகளின் மேல் விரிந்து கிடக்கின்றன. ஷூமனின் கன்செர்ட்டோவில் கடைசிப் பகுதியை எடுத்துக்கொள்ளுங்கள். மூன்று தட்டுத் தாளத்தில் எழுதப்பட்டிருந்தும், ஓரிடத்தில் காதுக்கு அதன் இரு மடங்கு மெதுவான தாளம் போலக் கேட்கும்படி அவர் அதைப் பின்னியிருக்கிறார். அங்கே கண்முன் ஒரு கோல் இறங்கவில்லை என்றால் பாதிக் குழு ஒரு தாளத்திலும் மீதி மற்றொரு தாளத்திலும் போய்விடும்.

இருவர் இருப்பதில் இன்னொரு நன்மையும் உண்டு. அதை இக்காலத்தில் யாரும் பேசுவதில்லை. இரண்டு மனங்கள் உரசும்போது இசைக்கு ஒரு விறைப்பு வருகிறது. 1962 ஏப்ரலில் நியூயார்க்கில் பிராம்ஸின் டி மைனர் கன்செர்ட்டோவைக் க்ளென் கூல்ட் வாசிக்கவிருந்தபோது, அவர் எடுத்துக்கொண்ட மிக மெதுவான போக்கில் தமக்கு உடன்பாடில்லை என்று பெர்ன்ஸ்டைன் மேடையிலேயே அவையோரிடம் சொல்லிவிட்டு, பிறகு அதை அப்படியே நடத்தியும் கொடுத்தார். தம்மோடு தாமே உடன்படாமல் ஒருவர் இப்படி வாசித்துவிட முடியுமா? பியானோவிலிருந்து நடத்தும் பதிவுகள் பலவற்றில் எல்லாம் வழுவழுப்பாக, இணக்கமாக, கொஞ்சம் சலிப்பூட்டும்படி இருப்பதாக எனக்குத் தோன்றுவதற்கு இதுவே காரணம். (பெராயாவை இதிலிருந்து விலக்கிவிடுகிறேன், அவர் மீது கை வைத்தால் இங்கே சண்டை வரும்.)

ஆகவே கொயர் மாஸ்டரை நிற்க வையுங்கள் என்பதே என் கருத்து. ஒரு நிபந்தனை உண்டு: அவர் எல்லா வாத்தியங்களின் வரிகளும் அடங்கிய ஸ்கோரைப் படித்தவராக இருக்க வேண்டும். பாடகர் குழுவுக்குக் கை காட்டுவதும் தந்தி வாத்தியங்களுக்குக் கை காட்டுவதும் ஒன்றல்ல. பாடகர்கள் வாயசைவைப் பார்த்து நுழைந்துவிடுவார்கள். வயலின்காரர்களுக்கு அடிக்கு முந்தைய அசைவு தெளிவாகத் தெரிந்தாக வேண்டும்.

வடசேரி வயலின் எழுதியது:

நான் பியானோகாரன் அல்லன். நடத்தப்படும் பக்கத்தில் உட்கார்ந்து வாசிப்பவன். திருவனந்தபுரத்திலும் சென்னையிலும் சில குழுக்களில், கண்டக்டருடனும் கண்டக்டர் இல்லாமலும் வாசித்திருக்கிறேன். குழு எதைப் பார்த்து வாசிக்கிறது என்று தம்பி கேட்டதற்கு எங்கள் நாற்காலியிலிருந்து பதில் சொல்கிறேன்.

பியானோவிலிருந்து நடத்தும்போது நாங்கள் பியானோகாரரைப் பார்ப்பது குறைவு. பார்ப்பது முதல் வயலின் வரிசையின் லீடரை. அவர் ஒரு பகுதியைத் தொடங்கும்போது வயலினின் சுருள்தலை ஒரு விரற்கடை மேலே எழும். அதே கணத்தில் மூக்கால் மூச்சை இழுப்பார். அந்த மூச்சின் நீளமே டெம்போ. பின்வரிசையில் இருப்பவருக்கு அந்த மூச்சு கேட்காவிட்டாலும், முன்வரிசையின் தோள்கள் எழுவது தெரியும். பிறகு வில். லீடர் வில்லின் அடிப்பகுதியில் தொடங்குகிறாரா, நடுவிலா, நுனியிலா என்பதைப் பார்த்தே எவ்வளவு சத்தம், எவ்வளவு கூர்மை என்று நாங்கள் முடிவுசெய்கிறோம். ஆகவே பியானோவிலிருந்து ஒருவர் நடத்துகிறார் என்று நிகழ்ச்சித் தாளில் அச்சடித்திருந்தாலும், நடத்துபவர் இருவர். அந்த இரண்டாமவருக்குப் பெயர் கிடைப்பதில்லை, அவ்வளவுதான். நியூயார்க்கின் ஆர்ஃபியஸ் சேம்பர் ஆர்கெஸ்ட்ரா 1972இல் தொடங்கிய நாள் முதல் கண்டக்டரே இல்லாமல் வாசித்துவருவதும் இந்த அடிப்படையில்தான். அங்கே லீடரின் நாற்காலிகூட ஆளுக்கு ஆள் மாறுகிறது.

பியானோகாரர் கொடுக்க வேண்டியவை மிகச் சிலவே. பகுதியின் தொடக்கத்தில் டெம்போ. அது லீடருக்கு மட்டும் போய்ச் சேர்ந்தால் போதும். முழுக்குழு முடிந்து பியானோ நுழையும் இடத்தில் அவசரப்படாத ஒரு பார்வை. எல்லாவற்றையும்விட முக்கியமானது கடென்ஸா, அதாவது பியானோ மட்டும் தனியாக வாசிக்கும் பகுதி, முடியும் இடம். குழு பல சுரங்கள் சேர்ந்து ஒலிக்கும் ஒரு நீண்ட கார்டில் நிறுத்திக் காத்திருக்கிறது. பியானோகாரர் தனியாக, தாளக் கட்டில்லாமல் வாசித்துக்கொண்டு போகிறார். கடைசியில் ஒரு டிரில், அதாவது அடுத்தடுத்த இரு சுரங்களை மாறி மாறி வேகமாக வாசிப்பது, வருகிறது. அந்த டிரில் எவ்வளவு நேரம் நீளும் என்பது யாருக்கும் தெரியாது. மேடையில் நடக்கும் விபத்துகளில் பெரும்பகுதி இந்த இடத்தில்தான். நாங்கள் செய்துகொள்ளும் ஏற்பாடு இது: டிரில் தொடங்கியதும் எல்லோரும் வாத்தியத்தைத் தோளில் ஏற்றிவிடுவோம்; டிரில்லின் வாலில் வரும் இரண்டு சிறு சுரங்களுக்குப் பியானோகாரர் தலையைச் சற்றே நிமிர்த்துவார்; அந்த இரண்டு சுரங்களே எங்களுக்குரிய முன்தட்டு. தலை நிமிராமல் டிரில் எவ்வளவு நீண்டாலும் வில் தந்தியைத் தொடக்கூடாது.

குழித்துறை நண்பர் சொன்ன 1808 கச்சேரியைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். அங்கே சிதறியது, கோரல் ஃபேண்டஸியில் மீள்வாசிப்பு உண்டா இல்லையா என்பதில் ஏற்பட்ட குழப்பத்தால் என்று சொல்வார்கள். அது ஒத்திகையில் பேசி முடிக்க வேண்டிய விஷயம். கோல் பிடித்து ஒருவர் நின்றிருந்தாலும், அவருக்கும் அதே குழப்பம் இருந்திருந்தால், அதே இடத்தில்தான் உடைந்திருக்கும். ராஹ்மனினோவ், ஷூமன் பற்றி அவர் எழுதியது ஒவ்வொரு சொல்லும் உண்மை. ஆனால் தம்பி கேட்டது மொசார்ட்டைப் பற்றி.

கே. 466 வேண்டாம் என்று அன்போடு சொல்வேன். வாசிக்கக் கடினம் என்பதால் அல்ல, தொடங்கக் கடினம். முதல் பார் முதலே வயலின்களும் வியோலாக்களும் தட்டுக்கு நடுவில் விழும்படி, இடம் தள்ளிய தாளத்தில் மெல்ல முனகுகின்றன. கீழே செல்லோவும் பாஸும் மூன்று சுரத் துள்ளலாக மேலேறி வருகின்றன. எல்லோரும் தட்டுக்கு வெளியே வாசிக்கும்போது தட்டு எங்கே இருக்கிறது என்பதை யாராவது ஒருவர் கையால் காட்டியாக வேண்டும். பழகாத குழுவில் லீடரே வெளித்தட்டில் வாசித்துக்கொண்டு அதைக் காட்டிவிட முடியாது. அதோடு, அதற்கு ஃப்ளூட், ஓபோ, பசூன், கொம்பு, எக்காளம், டிம்பனி எல்லாம் வேண்டும். உங்களிடம் தந்தி வாத்தியங்கள் மட்டுமே இருப்பதாகத் தெரிகிறது.

ஏ மேஜர் கன்செர்ட்டோ, கே. 414, உங்களுக்கென்றே எழுதியது போலிருக்கும். 1782இல் எழுதிய மூன்று கன்செர்ட்டோக்களுள் அது ஒன்று. அவற்றைக் காற்று வாத்தியங்களோடும் வாசிக்கலாம், இரண்டு வயலின், வியோலா, செல்லோ என்று நான்கு குரல்களாக மட்டும் வாசிக்கலாம் என்று மொசார்ட்டே 1783இல் விளம்பரம் செய்திருக்கிறார்; ஓபோவும் கொம்பும் இல்லை என்று யாரும் குறை சொல்ல முடியாது. முதல் பகுதி பாட்டைப் போல அமைதியாக, நேர்த்தட்டில் தொடங்குகிறது. நடுப்பகுதி இன்னும் உகந்தது: லண்டனில் எட்டு வயதுச் சிறுவனாகத் தாம் சந்தித்து நேசித்த இசையமைப்பாளர் யோஹான் கிறிஸ்டியன் பாக் 1782 ஜனவரி முதல் நாளில் இறந்துபோக, அவருடைய மெட்டு ஒன்றை எடுத்து மொசார்ட் அதன் தொடக்கத்தில் வைத்தார். பாமாலை வாசித்துப் பழகியவர்களுக்கு அதன் நான்கு குரல் அடர்த்தி உடனே பிடிபடும். கடென்ஸாக்களும் மொசார்ட்டின் கையாலேயே இரண்டு தொகுதிகளாகக் கிடைக்கின்றன. நீங்கள் புதிதாக எழுத வேண்டியதில்லை.

சுசீந்திரம் உடுக்கை எழுதியது:

மேற்கத்திய இசை எனக்குக் கேள்வி ஞானம்தான். இருந்தாலும் இந்தப் பேச்சைப் படித்தபோது நம் ஊர்க் கோயில் கொடைவிழாக்களில் வில்லுப்பாட்டுப் புலவர் உட்கார்ந்திருக்கும் விதம் நினைவுக்கு வந்ததால் எழுதுகிறேன். அவர் வீசுகோலால் வில்லின் நாணை அடித்துக்கொண்டே பாடுகிறார், கதை சொல்கிறார், குடமும் உடுக்கையும் ஜால்ராவும் கட்டையும் எப்போது ஏற வேண்டும், எப்போது அடங்க வேண்டும் என்பதையும் அவரே நடத்துகிறார். எதற்கும் அவர் கையைத் தனியாகத் தூக்கிக் காட்டுவதில்லை. வீசுகோல் விழும் அழுத்தம் மாறியதுமே குடக்காரருக்குப் புரிந்துவிடுகிறது. ஓர் அடியைப் பாதியில் நிறுத்திப் பக்கத்தில் இருப்பவரை நோக்கித் திரும்பினால், மீதியைப் பின்பாட்டுக்காரர் எடுத்துக்கொள்கிறார்.

ஆனால் இதில் ஒரு வேற்றுமையையும் சொல்லிவிட வேண்டும். அந்தக் குழு பல ஆண்டுகள் ஒன்றாகவே ஊர் ஊராகச் சென்ற குழு. புலவர் அடுத்து என்ன செய்வார் என்பது அவர்களுக்குத் தெரியும். தாளில் பார்த்து வாசிக்கும் பத்துப் பேரைச் சில மாதங்களில் அந்த நிலைக்குக் கொண்டுவர முடியுமா என்பதை வயலின் வாசிப்பவர்தான் சொல்ல வேண்டும்.

தக்கலை கீபோர்டு எழுதியது:

அனைவருக்கும் மிக்க நன்றி. கே. 414 என்று எங்கள் குழுவில் ஏறத்தாழ முடிவாகிவிட்டது. டி மைனரை இன்னொரு காலத்துக்கு ஒத்திவைக்கிறேன், மனமில்லாமல்தான்.

கொயர் மாஸ்டர் விஷயத்தில் ஒரு நடுவழி தோன்றுகிறது. ஒத்திகைகளில் அவர் ஸ்கோரோடு முன்னால் அமர்ந்து கேட்டு, எங்கே கலைகிறது, எங்கே பியானோ குழுவை மூடிவிடுகிறது என்று சொல்லட்டும்; நிகழ்ச்சியில் லீடரும் நானும் பார்த்துக்கொள்கிறோம். வெளியே உட்கார்ந்து கேட்கும் ஒரு காது எங்களுக்குத் தேவை என்பதைக் குழித்துறை அண்ணனின் பதிவிலிருந்து எடுத்துக்கொண்டேன். அவர் இதை ஒப்புக்கொள்வாரா என்று தெரியவில்லை.

ஒரு நடைமுறைச் சிக்கல் மிச்சமிருக்கிறது. எங்களுக்குக் கிராண்ட் பியானோ கிடைக்கப்போவதில்லை, டிஜிட்டல் பியானோதான். சபை மண்டபத்தில் நிகழ்ச்சி. குழுவை எப்படி உட்கார வைப்பது, பியானோ ஒலியை எப்படி வெளியே விடுவது?

குழித்துறை ஸ்கோர் எழுதியது:

ஒப்புக்கொள்கிறேன், தம்பி, கோலை அவரிடம் கொடுக்காவிட்டாலும் பென்சிலையாவது கொடுத்துவிடுங்கள். நிகழ்ச்சிக்குப் பின் என் கருத்தை மாற்றிக்கொள்வேனா என்பதை வந்து கேட்டுவிட்டுச் சொல்கிறேன்.

வடசேரி வயலின் எழுதியது:

சுசீந்திரம் நண்பரின் கேள்வி நியாயமானது. பல ஆண்டுகள் தேவையில்லை. ஆனால் ஒவ்வொருவரும் தம் பார்ட்டை மட்டுமல்லாமல் பியானோவின் வரியையும் காதில் ஏற்றிக்கொண்டிருக்க வேண்டும். பார்ட்டுகளில் நீண்ட ஓய்வு வரும் இடங்களில் பியானோவின் மெட்டைச் சிறிய அளவில் எழுதிக்கொடுங்கள். பார்களை எண்ணிக்கொண்டிருப்பவர் தவறிவிடுவார், மெட்டைப் பின்தொடர்பவர் தவறமாட்டார்.

டிஜிட்டல் பியானோவைப் பொறுத்தவரை, மண்டபத்தின் மிக்சர் வழியாகப் பெரிய ஸ்பீக்கருக்கு அனுப்பாதீர்கள். அப்படிச் செய்தால் பியானோ உங்கள் முன்னாலிருந்து வராமல் மண்டபத்தின் இரு மூலைகளிலிருந்து வரும். சுவரில் பட்டுத் திரும்பும் ஒலியைக் கேட்டு வாசிக்கும் பின்வரிசை தாமதமாகும். லீடரும் அவர்களும் இரண்டு வெவ்வேறு பியானோக்களோடு வாசிப்பது போல ஆகிவிடும். நல்ல ஸ்பீக்கர் ஒன்றை மட்டும் எடுத்து, பியானோவுக்கு அப்பால், குழுவின் நடுவில், தரையை ஒட்டி, அவையோரை நோக்கி வையுங்கள். அப்போது குழுவும் அவையும் ஒரே இடத்திலிருந்து பியானோவைக் கேட்பார்கள். நீங்கள் அவைக்கு முதுகைக் காட்டி உட்காருங்கள். லீடரின் நாற்காலி உங்கள் இடது கைப்பக்கம், நீங்கள் தலையைத் திருப்பாமல் ஓரக்கண்ணால் அவருடைய வில்லைப் பார்க்கும் தூரத்தில் இருக்கட்டும். செல்லோக்களை நேர் எதிரே வையுங்கள். முழுக்குழு வாசிக்கும் இடங்களில் உங்கள் இடது கை அவர்களோடுதான் பேச வேண்டும். அந்த இடங்களில் மெல்ல, மிக மெல்ல வாசியுங்கள். அவைக்குக் கேட்க வேண்டும் என்பதில்லை.

சுருதியை மறந்துவிடாதீர்கள். டிஜிட்டல் பியானோ அசையாது. மழைக்காலத்து ஈரத்தில் உங்கள் வயலின்களின் பிரடைகள் இறுகிப்போகும், சுருதி விலகும். ஓபோ இல்லாததால் பியானோவின் ஏ சுரத்துக்கே எல்லோரும் சேர்க்க வேண்டும். முதல் பகுதி முடிந்ததும் கூச்சப்படாமல் இன்னொருமுறை சேர்த்துக்கொள்ளுங்கள். மேடைக்கு மேலே சுழலும் மின்விசிறிகளை நிறுத்திவிடச் சொல்லுங்கள். அதற்கு மண்டபத்தார் சம்மதிக்காவிட்டால், ஒவ்வொரு ஸ்டாண்டுக்கும் இரண்டு துணிக்கிளிப்புகள் கொண்டுபோங்கள். ஆரல்வாய்மொழிப் பக்கம் ஒரு மண்டபத்தில் சன்னலைத் திறந்துவைத்து வாசித்தபோது வியோலாவின் பார்ட் முழுவதும் முதல் வரிசை மடிகளில் போய் விழுந்தது.

முதல் ஒத்திகையைப் பியானோ இல்லாமலேயே நடத்துங்கள். நீங்கள் மண்டபத்தின் பின்னால் போய் உட்கார்ந்துகொள்ளுங்கள். மூன்று பகுதிகளிலும் முழுக்குழு வாசிக்கும் இடங்களை லீடரை மட்டும் பார்த்து அவர்கள் வாசிக்கட்டும். எந்தெந்தப் பாரில் உடைகிறதோ அவற்றைக் கொயர் மாஸ்டர் குறித்துக்கொள்ளட்டும். நீங்கள் தலையசைக்க வேண்டிய இடங்கள் அவை மட்டும்தான். மற்ற இடங்களில் உங்கள் வாசிப்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.